‘இந்த வயசுல’ முப்பத்தேழு முறை

அந்த ஸ்டூடியோவில் அவளை எல்லாரும் அழுகாச்சி அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். கேலியாக ஆரம்பித்த பெயர்தான். ஆனால் விசிட்டிங் கார்டில் அச்சடிக்காத குறையாக நிலைத்துவிட்டது. இருபத்தாறு வருஷமாக வேற்றுமொழிப் படங்களுக்கும் தொடர்களுக்கும் தமிழில் குரல் கொடுத்துக்கொண்டிருந்தாள். வயது ஐம்பத்துமூன்று. முதல் இரண்டு வருஷம் கல்லூரிப் பெண்களுக்குப் பேசினாள். அப்புறம் ஒரே தாவலில் அம்மா. அதன் பிறகு மாமியார், நோயாளி, ஆஸ்பத்திரி வாசலில் மயங்கி விழுகிறவள். விம்மல், தேம்பல், கேவல், மூக்கை உறிஞ்சிக்கொண்டே ஆசீர்வாதம், எது வேண்டுமானாலும் கேட்டவுடன் கொடுப்பாள். கொடுத்து முடித்ததும் ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்துவிட்டு, "டீ வந்துச்சா?" என்பாள்.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை டைரக்டர் போன் செய்தார். சின்ன ஸ்டூடியோ அது. டப்பிங்கை இயக்குவது, ஒலிப்பதிவு செய்வது, ஏசி மக்கர் பண்ணினால் ஆளைத் தேடிப் பிடிப்பது எல்லாம் அவரேதான்.

"அக்கா, இணையத்துல வர்ற தொடர். பத்து எபிசோடு. காதல் கதை. நீங்கதான் ஹீரோயின்."

"எந்த எபிசோடுல சாகறா?"

"சாகல."

"அப்போ கண்ணு போயிடுதா?"

"ஒண்ணும் போகலக்கா. அவ ஒரு படகு கேப்டன். ஆத்துல ஆளுங்களை இக்கரைக்கும் அக்கரைக்கும் ஏத்திட்டுப் போற பெரிய படகு. அம்பத்துநாலு வயசு. ஒருத்தரை விரும்பறா. அவ்ளோதான் கதை."

அக்கா துவைத்த துணியைக் கையில் பிடித்தபடியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள்.

மத்தியானம் கணவர் சாப்பிட வந்தார். இரண்டு தெரு தள்ளி மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்தார்.

"புது வேலை வந்திருக்குங்க. ஹீரோயின்."

"ஹீரோயினோட அம்மாவா?"

"ஹீரோயின்."

"ஓ, மாமியார்."

"ஏங்க, ஊருக்கெல்லாம் கண்ணு டெஸ்ட் பண்றீங்களே, உங்க காதை ஒரு தடவை யார்கிட்டயாவது காட்டக் கூடாதா?"

அவர் சாப்பிடுவதை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார். "நிஜமாவா? அப்போ உனக்கு ஜோடி யாரு?" என்று கேட்டார். அந்தக் கேள்வியில் லேசாக ஒரு புகைச்சல் இருந்தது. அக்காவுக்கு அது பிடித்திருந்தது.

ஸ்டூடியோ இரண்டாவது மாடியில் இருந்தது. கீழே டயர் கடை. அங்கே காற்றடிக்கும் மெஷின் ஓடும்போதெல்லாம் மேலே காதலோ சாவோ எதுவானாலும் நிறுத்திவைக்க வேண்டும். குரல் பதிவு செய்யும் அறை ஒரு பெரிய அலமாரி அளவுதான். மைக்கின் முன்னால் நிற்கிறவர்கள் வளையலைக் கழற்ற வேண்டும், காகிதம் சரசரக்கக் கூடாது, வயிறு காலியாக இருக்கக் கூடாது. காலி வயிறு உறுமினால் மைக் அதையும் வசனமாக எடுத்துக்கொள்ளும். அக்கா எப்போதும் இரண்டு பிஸ்கெட் தின்றுவிட்டுத்தான் உள்ளே போவாள்.

திரையில் முதல் காட்சி ஓடியது. படகின் ஓட்டுநர் அறை. நரைத்த முடியை அள்ளிச் செருகிக்கொண்டு, சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு, கேப்டன் ஆப்பிள் தின்றுகொண்டிருக்கிறாள். கடிகாரம் ரிப்பேர் செய்கிற ஒருவர் படியேறி வருகிறார். அவர் கோட்டுப் பித்தானைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்துச் சிரித்தபடி கேப்டன் ஏதோ சொல்கிறாள். உதடு மூன்று தடவை அசைகிறது.

அக்காவின் கையிலிருந்த காகிதத்தில் இப்படி இருந்தது: ‘இந்த வயசுல எனக்கு எதுக்குங்க இதெல்லாம்? ஊர் உலகம் என்ன சொல்லும்? போய்ச் சேர்ந்த என் புருஷனோட ஆத்மா என்னை மன்னிக்குமா?’

"டைரக்டர், அவ வாய் மூணு தடவைதான் அசையுது. இங்க ஒரு பாராவே இருக்கு."

"முதுகு காட்டும்போது மிச்சத்தைச் சொல்லிடுங்கக்கா."

"சிரிக்கிறாளே?"

"துக்கத்தை மறைக்கறதுக்காகச் சிரிக்கிறா" என்றான் டைரக்டருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த வசனகர்த்தா. இருபத்தாறு வயது. ஆறு மாதத்தில் நாலு தொடருக்கு வசனம் எழுதி முடித்த வேகக்காரன். மரியாதையான பையன், அக்கா உள்ளே வந்தால் எழுந்து நிற்பான்.

"அவ நிஜமா என்ன சொல்றா தம்பி?"

அவன் கழுத்தைச் சொறிந்தான். "‘இன்னிக்கு லேட்டு நீ’ங்கறா."

"புருஷன் செத்துட்டானா?"

"இல்லக்கா, விவாகரத்து. பக்கத்து ஊர்ல நல்லாத்தான் இருக்கார். ஆறாவது எபிசோடுல அவரே வந்து படகுல ஏறுறார்."

"உசிரோட டிக்கெட் எடுத்து ஏறப் போறவனோட ஆத்மாவை நான் எங்கேயிருந்து கொண்டுவர்றது?"

வசனகர்த்தா பொறுமையாக விளக்கினான். "ஆடியன்ஸ் ஏத்துக்கணும்லக்கா. நான் இந்த மாதிரி நூறு தொடர் பார்த்திருக்கேன். வயசான பொம்பளை லவ் பண்ணா முதல்ல அழணும். அப்புறம் புள்ளைங்ககிட்ட அனுமதி கேக்கணும். ஒரு தடவையாவது முட்டியைப் பிடிச்சுக்கிட்டு உக்காரணும். அப்போதான் பார்க்கறவங்க ‘பாவம், பண்ணிட்டுப் போகட்டும்’னு விடுவாங்க. அதையும் காதல்னு சொல்லக் கூடாது. துணைன்னு சொல்லணும்."

"வயசானன்னா எத்தனை வயசுலேர்ந்து?"

"நாப்பது... நாப்பத்திரண்டு."

டைரக்டருக்கு நாற்பத்துநாலு. அவர் பலமாகச் செருமினார்.

"பொம்பளைங்களுக்கு சார்" என்று வசனகர்த்தா அவசரமாகத் திருத்தினான்.

கடிகாரக்காரருக்குக் குரல் கொடுக்க வந்திருந்தவர் வில்லன் சார். அறுபத்தொரு வயது. முப்பத்தைந்து வருஷமாகக் கடத்துவது, மிரட்டுவது, கிடங்குக்குத் தீ வைப்பது என்று ஒழுங்காக உழைத்தவர். காதலனாகப் பேசுவது இதுதான் முதல் தடவை. அதற்காகப் புதுச் சட்டை போட்டு வந்திருந்தார். மைக் முன்னால் நின்று, தொண்டையைச் சரிசெய்துகொண்டு, "நாளைக்கும் வருவேன்" என்றார்.

அக்கா தன்னையறியாமல் ஓரடி பின்னால் நகர்ந்தாள்.

"சார், இது காதல்" என்றார் டைரக்டர்.

"தெரியும்யா. காதலாத்தான் சொன்னேன்."

அடுத்த வரி: "நீ எங்க போனாலும் நான் அங்க இருப்பேன்."

"சார், கேக்கறவங்க போலீஸுக்குப் போன் பண்ணிடுவாங்க."

வில்லன் சார் முகம் வாடிவிட்டது. கீழே டயர் கடையில் மெஷின் ஓட ஆரம்பித்தது எல்லாருக்கும் நல்லதாகப் போயிற்று.

அந்த இடைவேளையில் அக்கா பென்சிலை எடுத்துக்கொண்டு முதல் எபிசோடைப் புரட்டினாள். ‘இந்த வயசுல’ என்று வந்த இடத்திலெல்லாம் ஒரு கோடு போட்டாள். முப்பத்தேழு கோடு. முப்பத்தெட்டாவது படகின் பழைய இன்ஜினைப் பற்றியது, அதை விட்டுவிட்டாள்.

சாயங்காலம் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வரும்போது ஒன்று மனசில் உறைத்தது. போன வாரம் கணவர், "மலைப்பக்கம் ரெண்டு நாள் போயிட்டு வரலாமா?" என்று கேட்டபோது, "இந்த வயசுல எதுக்குங்க அலைச்சல்" என்று சொன்னது அவள்தான். அதற்கு முந்தின மாதம், மகள் வாங்கித் தந்த ஆரஞ்சு நிறச் செருப்பைப் பெட்டியோடு மேலே தூக்கி வைத்தபோதும் அதையேதான் சொன்னாள். அவளுக்கு முட்டி வலிக்கவில்லை, அலைச்சல் பயமும் இல்லை. வருஷக்கணக்காக மைக்கில் சொல்லிப் பழகிய வாய், வீட்டிலும் அதே வசனத்தை ஓட்டிக்கொண்டிருந்திருக்கிறது. அவளுக்குக் கொஞ்சம் கோபம் வந்தது. யார்மேல் கோபப்படுவது என்று தெரியாததால் பஸ்ஸை விட்டு இறங்கும்வரை வசனகர்த்தாமேல் கோபப்பட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தொடரின் மூலப் பிரதியைச் சப்டைட்டிலோடு போனில் போட்டுக் கணவரோடு உட்கார்ந்து பார்த்தாள். அவர் முதலில் தொழில்முறையாகத்தான் பேசினார்.

"இந்த அம்மாவுக்குக் கண்ணாடி வேணும். ஆளைப் பார்க்க மூக்குக்குக் கிட்டப் போறாளே."

"அது கண்ணு தெரியாம போறது இல்லீங்க."

"ஓ" என்றவர், போனை வாங்கித் தன் மூக்குக்குக் கிட்டே வைத்துக்கொண்டார்.

மூன்றாவது எபிசோடு முடிந்ததும் அவரே ஆரம்பித்தார். "உங்க வசனகர்த்தா ஒரு நாள் என் கடையில வந்து உக்காரணும். நாப்பத்தஞ்சு, அம்பது, அம்பத்தெட்டுன்னு பொம்பளைங்க வர்றாங்க. ‘போன்ல எழுத்து சின்னதாத் தெரியுது, கண்ணாடி குடுங்க’ம்பாங்க. கண்ணாடியை மாட்டிப் பார்க்கச் சொல்லுவேன். மாட்டிக்கிட்டுப் போனைத் திறந்து எதையோ படிப்பாங்க. படிச்சிட்டுத் தனியா ஒரு சிரிப்பு. யார் அனுப்பினதுன்னு நான் கேக்கறதில்ல. பவர் சரியா இருக்குன்னு எழுதிடுவேன்."

அக்கா ஒரு நோட்டை எடுத்துவந்தாள். உதட்டசைவை எண்ணி எண்ணி வசனத்தைத் தானே எழுத ஆரம்பித்தாள். கடிகாரக்காரர் வசனத்தைக் கணவர் படித்தார். பேங்க் கவுண்டரில் டோக்கன் நம்பர் கூப்பிடுகிற மாதிரி படித்தார். ஆனால் யோசனை நன்றாக வந்தது அவருக்கு.

"லேட்டு நீ" என்றாள் அக்கா.

"பாலம் வழியா நடந்து வந்தேன்."

"பாலம் இருக்கறப்போ உனக்குப் படகு எதுக்கு?"

நோட்டில் அதற்குப் பதில் இன்னும் எழுதவில்லை. அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "பாலத்துல நீ இல்லையே" என்றார்.

அக்கா எழுதிக்கொண்டாள். எழுதி முடித்த பிறகும் தலையை நிமிர்த்தவில்லை.

அடுத்தது மழையில் படகைக் கட்டிவிட்டு இருவரும் நிற்கிற காட்சி. "இங்க நாலு செகண்ட் ரெண்டு பேரும் ஒண்ணும் பேசறதில்ல" என்றாள்.

"ஏன் பேசறதில்ல?"

"ஏங்க, திரையைப் பாருங்க."

பார்த்தார். "நாலு செகண்ட் நீளமா, குட்டையா?"

"மைக் முன்னால நின்னா ரொம்ப நீளம்."

"சரியா எழுதணும்னா ஒரு தடவை எண்ணிப் பார்த்துட்டா நல்லதில்லையா?" என்றார் கண்ணாடிக்காரர், ரொம்பப் பொறுப்பான ஆள் மாதிரி.

எண்ணினார்கள். பதினொன்றுவரை போயிருக்கும், போன் அலறியது. வெளியூரிலிருந்து மகள், வீடியோவில்.

"என்னம்மா, மூச்சு வாங்குது? மாடி ஏறினீங்களா?"

"டப்பிங் பிராக்டிஸ்."

"அப்பா கண்ணாடி ஏன் கோணலா இருக்கு?"

"ஃப்ரேம் லூசு" என்றார் ஊருக்கே ஃப்ரேம் சரிசெய்து கொடுக்கிறவர்.

திங்கட்கிழமை அக்கா நோட்டை டைரக்டர் முன்னால் வைத்தாள். அவர் அதைத் தொடக்கூட இல்லை. "தொடர் வாங்கின கம்பெனி பழைய வசனத்தை ஓகே பண்ணிட்டாங்கக்கா. மாத்தினா என்னைத் தொலைச்சிடுவாங்க."

"சரி, அப்படியே பேசிடறேன்" என்று அக்கா உள்ளே போனாள். சொன்னபடி செய்தாள். தன்னிடமிருந்த அத்தனை கண்ணீரையும் திரட்டி, ஆப்பிள் தின்று சிரிக்கிற அந்த முகத்தின்மேல் கொட்டினாள். ஊர் உலகத்துக்குத் தேம்பினாள், புருஷன் ஆத்மாவுக்குக் கேவினாள். டைரக்டர் அதைத் திரையோடு சேர்த்து ஓட்டிப் பார்த்தார். கேப்டன் வாய் நிறையச் சிரிக்கிறாள். உள்ளேயிருந்து ஒரு பெண் அலறுகிறாள்.

டைரக்டர் உதட்டைக் கடித்துக்கொண்டு பார்த்தார். அப்புறம் தாங்க முடியாமல் மேஜையில் கவிழ்ந்து குலுங்கினார். வில்லன் சார், "அந்தம்மாவுக்கு ஆப்பிள் தொண்டையில சிக்கிடுச்சு, யாராவது முதுகுல தட்டுங்கய்யா" என்றார். வசனகர்த்தா மட்டும் சிரிக்கவில்லை. இன்னொரு தடவை ஓட்டச் சொன்னான். பார்த்துவிட்டு, "நல்லா இல்லக்கா" என்று மெதுவாக ஒப்புக்கொண்டான்.

"அந்த நோட்டைக் குடுங்க" என்றார் டைரக்டர்.

அக்காவுக்கு வசனம் சிரமமில்லாமல் வந்தது. வில்லன் சாருக்குத்தான் வரவில்லை. ‘பாலத்துல நீ இல்லையே’ என்பதைப் பாலத்துக்கு வெடி வைத்துவிட்டவர் மாதிரி சொன்னார். ஏழு தடவை முயன்றுவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்தார்.

"என்னால முடியலம்மா. மைக்ல இத்தனை வருஷத்துல ஒரு பொண்ணுகிட்டயும் நான் எதையும் கேட்டதே இல்ல. எடுத்துட்டுப் போறதுதான் பழக்கம்."

அக்கா அவருக்கு வெந்நீர் கொடுத்தாள். "வேற ஒண்ணுமில்ல சார். நீங்க கேக்கறீங்க, அவ வேண்டாம்னுகூடச் சொல்லலாம். சொன்னா திரும்பிப் போயிடணும். அதை மனசுல வச்சுக்கிட்டுக் கேளுங்க."

அவர் எழுந்து நின்றார். பிறகு சொன்னார். குரல் எங்கேயோ சறுக்கி, கடைசி எழுத்தில் கொஞ்சம் பயந்தது. பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டைரக்டர் கட்டைவிரலை உயர்த்தினார். வில்லன் சார் வெளியே வந்ததும் முதல் வேலையாக மனைவிக்குப் போன் செய்து, "ஒண்ணுமில்ல, சும்மாதான்" என்றார்.

மாதிரிக்கு இரண்டு எபிசோடு கம்பெனிக்குப் போயின. ஒரு வாரம் கழித்துக் கடிதம் வந்தது. ‘நாயகியின் குரலில் அளவுக்கு மீறிய மகிழ்ச்சி தெரிகிறது. வயதுக்கேற்ற வலி சேர்க்கவும். பார்வையாளர் குழம்பாதிருக்க ஒவ்வொரு எபிசோடிலும் ஒரு முறையாவது நாயகியின் வயதை நினைவுபடுத்தவும்.’

"நரைச்ச முடி நினைவுபடுத்தாததையா நான் நினைவுபடுத்தப் போறேன்?" என்றாள் அக்கா.

டைரக்டர் கும்பிட்டார். "எபிசோடுக்கு ஒரே ஒரு ‘இந்த வயசுல’. பத்தே பத்து. எங்க வேணா சொல்லுங்க, எப்படி வேணா சொல்லுங்க. சொல்லிடுங்கக்கா."

அக்கா ஒப்புக்கொண்டாள். முதல் எபிசோடில் கேப்டன் கடிகாரக்காரரின் பித்தானை இழுத்து, "இந்த வயசுலயும் பித்தானை மாத்திப் போடற ஆளை இப்பத்தான் பார்க்கறேன்" என்றாள். இரண்டாவதில் புயலுக்குள் படகை விட்டுக்கொண்டே, "இந்த வயசுலதான் எனக்குக் கை நடுங்காம நிக்குது" என்றாள். ஆறாவதில் பழைய புருஷன் ஏறியபோது, "இந்த வயசுல உன்கிட்ட டிக்கெட் மட்டும்தான் கேப்பேன்" என்றாள். ஏழாவதுக்கு யாருக்கும் எதுவும் தோன்றவில்லை. வசனகர்த்தாதான் லேப்டாப்பை மூடி வைத்துவிட்டு நடந்து நடந்து யோசித்தான். "கடிகாரக்காரர் சொல்லட்டுமே. ‘இந்த வயசுல நீ இப்படிச் சிரிக்கறது அநியாயம்’னு."

"அட!" என்றார் வில்லன் சார். "எனக்கு இது போதும்யா." ஒரே டேக்கில் பேசிவிட்டார்.

கம்பெனிக்காரர்கள் எண்ணிப் பார்த்தார்கள். பத்து இருந்தது. ஓகே போட்டார்கள்.

தொடர் வெளிவருவதற்கு முன்னால் இணையத்தில் ஒரு நிமிஷ டிரெய்லரும் அதோடு ஒரு விளம்பரப் படமும் வந்தன. கேப்டன் முகத்துச் சுருக்கத்தையெல்லாம் இஸ்திரி போட்டு எடுத்திருந்தார்கள். நரையைக் காணோம். கடிகாரக்காரர் மட்டும் அறுபது வயதோடு அப்படியே நின்றார். பக்கத்தில் அவருடைய மகள் மாதிரி ஒருத்தி. மேலே, ‘இலையுதிர் காலத்தில் ஒரு வசந்தம்’ என்று எழுதியிருந்தது. எந்த மரம், எந்த இலை என்று கண்ணாடிக்காரர் பூதக்கண்ணாடி வைத்துத் தேடினார்.

அதைவிட வேடிக்கை, ‘நாயகிக்குக் குரல்: துள்ளும் இளம் கலைஞர்’ என்று போட்டிருந்தார்கள். பெயர் இல்லை. சந்தோஷமாகப் பேசுகிறவளுக்கு இருபத்தெட்டுக்கு மேல் இருக்காது என்று எவரோ முடிவுகட்டிவிட்டார். கீழே, டிரெய்லரைக் கேட்ட ஒருவர், ‘இந்தப் பொண்ணு குரல்ல என்ன ஒரு இளமை’ என்று எழுதியிருந்தார். இன்னொருவர் கல்யாணம் ஆகிவிட்டதா என்று கேட்டிருந்தார்.

"பதில் போடட்டுமா?" என்றார் கணவர்.

"என்னன்னு?"

"ஆயிடுச்சுன்னு. எனக்கும் கொஞ்சம் பெருமையா இருக்கும்ல."

அக்கா தானே பதில் போட்டாள். மைக் முன்னால் நிற்கிற தன் படத்தை, நெற்றிக் கோட்டோடும் நரையோடும் போட்டு, ‘அந்தப் பொண்ணு நான்தான், ஐம்பத்துமூன்று’ என்று எழுதினாள். அன்று சாயங்காலத்துக்குள் ஆயிரக்கணக்கில் பதில்கள் குவிந்தன. ‘எனக்கு நாற்பத்தொன்பது’, ‘எனக்கு ஐம்பத்தேழு, நேற்றுதான் ஸ்கூட்டர் கற்றுக்கொண்டேன்’, ‘எனக்கு அறுபத்துமூன்று, விவரம் சொல்ல மாட்டேன்’ என்று வரிசையாக வயதுகள் வந்துகொண்டே இருந்தன. கம்பெனி சத்தமில்லாமல் ‘இளம்’ என்பதை எடுத்துவிட்டு ‘துள்ளும்’ என்பதை மட்டும் விட்டுவைத்தது.

தொடர் வெளிவந்து இரண்டு வாரம் கழித்து, வேறொரு வேலைக்காக அக்கா ஸ்டூடியோவுக்குப் போனபோது வசனகர்த்தா அவளுக்காகவே காத்திருந்தான். முகம் சரியில்லை.

"அக்கா, எங்கம்மா தொடரை முழுசாப் பார்த்துட்டாங்க. இப்போ ரெண்டாவது தடவை பார்க்கறாங்க."

"நல்லதுதானே தம்பி."

"அவங்க ஆபீஸ்ல ஒருத்தர் இருக்கார். தினமும் கூட வந்து வீட்டு வாசல் வரைக்கும் விட்டுட்டுப் போறார். அவர் வீடு எங்க பக்கமே இல்லக்கா. விசாரிச்சுட்டேன்."

"அப்பா?"

"தவறி பன்னெண்டு வருஷம் ஆச்சு."

"அம்மாவைக் கேட்டியா?"

"கேட்டேன். ‘துணைக்கு வர்றார்’ங்கறாங்க."

அக்கா சட்டென்று திரும்பிக்கொண்டு வாட்டர் பாட்டிலைத் திறந்து ரொம்ப நேரம் குடித்தாள். நூறு தொடர் பார்த்தவனுக்கு இந்த இடத்தில் மகன் என்ன செய்வான் என்று தெரிந்துதான் இருந்தது. கத்துவான், கதவைச் சாத்துவான், நாலாவது எபிசோடில் திருந்துவான். ஆனால் அவனுக்குக் கத்தத் தோன்றவில்லை.

"நேத்து வாசல்ல நின்னு பேசிட்டிருந்தாங்க" என்றான். "அம்மா சிரிச்சாங்க. அந்தச் சிரிப்பை நான் கேட்டதே இல்லக்கா. நான் என்ன பண்ணணும்?"

"அடுத்த தடவை அவர் வந்தா உள்ள வந்து உக்காரச் சொல்லு. ஒரு டீ குடு. அப்புறம் உன் ரூமுக்குப் போயிடு. ரெண்டு பேருக்கும் வசனம் எதுவும் எழுதிக் குடுக்காத."

அவன் தலையாட்டிவிட்டுப் படியிறங்கினான். பாதிப் படியில் நின்று போனை எடுப்பது மேலேயிருந்தே தெரிந்தது. டயர் கடை மெஷின் இரைச்சலில் அவன் கத்திப் பேச வேண்டியிருந்தது.

"அம்மா! ஒண்ணுமில்ல! அவருக்கு டீல சர்க்கரை போடலாமா, கூடாதா?"